சாவுச் செய்தியில் ஒரு வரி

— ஆக, செத்தாச்சு, குளிப்பாட்டியாச்சு, அடக்கமும் பண்ணியாச்சு. அப்புறம் என்ன மிச்சம் இருக்குன்னு கிர்காவுலேருந்து ரயிலேறி என் ஒப்பனை அறையைத் தேடி வந்திருக்கே, நபீஹா? நான் எழுந்து நின்னு கைதட்டணுமா?

— உன் கூடப் பொறந்தவர் செத்திருக்கார், சின்னண்ணே. நீ என்னடான்னா கண்ணாடியைப் பாத்து மூக்கு ஒட்டிக்கிட்டிருக்கே.

— என் மூக்கு இல்லடீ இது. உங்க பெரியண்ணன் நீதிபதி ஹில்மியோட மூக்கு. நாப்பத்தெட்டு வருஷமா இதே மூக்குதான். மித்வல்லி, பசை எங்கடா போச்சு?

— உங்க முழங்கைகிட்டதான் இருக்கு, உஸ்தாத். ஹாஜியம்மா, அந்த நாற்காலியில உக்காராதீங்க, உஸ்தாதோட இடுப்புப் பட்டை காயுது. இந்தத் துணிப்பெட்டி மேல உக்காருங்க. டீ போடட்டுமா?

— சர்க்கரை போடாத காப்பி இருந்தா குடுப்பா. துக்க வீட்டுக்காரி நான்.

— போட்டுக் குடுடா. எனக்குச் சோம்புத் தண்ணி. நாலு கரண்டி சர்க்கரை அள்ளிப் போடு. நான் துக்க வீட்டுக்காரன் இல்ல.

— நாலு கரண்டி வேணாம், உஸ்தாத். டாக்டர் திட்டுவார்.

— உங்கிட்ட கேட்டேனா? முப்பது வருஷமா எனக்கு உடுப்பு மாட்டி விடறே. அது போதும். வைத்தியம் வேணாம்.

— சண்டையை அப்புறம் வச்சுக்கங்க. சின்னண்ணே, கேளு. எனக்கு நேரமில்ல. அஞ்சு மணிக்குள்ள பத்திரிகைக்கு மரண அறிவிப்பு சொல்லியாகணும். நாளைக்குக் காலையில அச்சுல வரணும். நாளைக்குத்தான் பந்தல்ல கடைசி நாள். அஸ்யூத்லேருந்து ஜட்ஜுங்க வர்றாங்க, கவர்னர் ஆபீஸ்லேருந்து ஆள் வருது. அறிவிப்புல உன் பேரைப் போடலாமான்னு கேக்க வந்தேன்.

— என் பேரையா! மித்வல்லி, கேட்டியாடா? பேராம்! எந்தப் பேருடீ? எனக்கு ரெண்டு இருக்கே. அப்துஸ் ஸத்தார் அபூ ஸுஹைல்னு ஒருத்தன் இருந்தான். அவனை நீங்களே சாகடிச்சு, மூணு நாள் துக்கமும் கொண்டாடி முடிச்சுட்டீங்க. நஸீம் ஷவ்கத்னு இன்னொருத்தன் இருக்கான். அவனை நானே பெத்துக்கிட்டேன். மகாராணிக்கு எவன் வேணும்?

— ரெண்டையும் போடலாம்னு இருக்கோம். "பிரபல கலைஞர் நஸீம் ஷவ்கத் என்கிற அப்துஸ் ஸத்தாரின் அண்ணன்." முதல் வரியிலயே.

— முதல் வரியிலயே! அடி சக்கை! அப்பா செத்தப்ப எத்தனை வரி போட்டீங்க, ஞாபகம் இருக்கா? எனக்கு மனப்பாடம். வசனம் மறந்துபோற வயசு, ஆனா இது மறக்கலை. "நீதிபதி ஹில்மியின் தகப்பனார். நீர்ப்பாசனத் துறைப் பொறியாளர் ரிஃப்அத்தின் மாமனார். கால்நடை மருத்துவர் ஷுக்ரியின் பெரியப்பா. மின்னியா பருத்தி ஆலை மேலாளருடைய சம்பந்தியின் மச்சினர்." சம்பந்தியோட மச்சினன் வரைக்கும் தேடிப் பிடிச்சுப் போட்டீங்க! மாட்டு டாக்டருக்கு இடம் இருந்துச்சு! பெத்த புள்ளைக்கு அரை வரி இல்ல.

— செத்துப்போன புள்ளையை எப்படி உயிரோட இருக்கிறவங்க வரிசையில போடறது?

— அதேதான்! அதையேதான் நானும் கேக்கறேன்! இப்ப மட்டும் எப்படிப் போடுவீங்க? அம்பத்தஞ்சு வருஷம் கழிச்சு உங்க குடும்பத்துல ஒருத்தன் கபர்லேருந்து எழுந்து வந்துட்டான்னா? ஊர்ல இருக்கிற பள்ளிவாசல் இமாம் பயந்து ஓடிடுவார்.

— யாரும் ஓடமாட்டாங்க. ஊர்ப் பசங்க உன்னை டிவியில பாத்து வளந்தவங்க. நீ அபூ ஸுஹைல் வீட்டுப் புள்ளைன்னு நாய்க்குட்டிக்குக்கூடத் தெரியும். யாரும் வாயால சொல்றதில்ல, அவ்வளவுதான்.

— ஆகா, எவ்வளவு மரியாதையான ஊர்!

— இன்னொண்ணும் கேக்கணும்.

— கேளு. இன்னிக்கு எனக்கு நல்ல மனசு. எதிரி செத்த சேதி கேட்ட நாள்.

— அறிவிப்பு மட்டும் இல்ல. நீ என்னோட இன்னிக்கே ரயிலேறி வரணும். நாளைக்குப் பந்தல் வாசல்ல நீ நிக்கணும். பெரியண்ணனுக்கு ஆம்பளைப் புள்ள இல்ல, மூணும் பொண்ணுங்க. வர்றவங்களுக்குக் கை குடுக்க பெரியப்பா மக்க வரிசையா நிக்கிறாங்க. ஆனா முதல் இடம் காலியா இருக்கு. கூடப் பொறந்தவன் நிக்க வேண்டிய இடம் அது. நேத்து பூரா அங்க ஒருத்தரையும் நிக்க விடலை நான். தடியை வச்சுக்கிட்டுப் பக்கத்துலயே உக்காந்திருந்தேன்.

— பொம்பளை பந்தல் வாசல்லயா உக்காந்தே?

— எழுபத்திரண்டு வயசுக்காரியை யார் என்ன சொல்வான்?

— சரி, இந்தப் பெருந்தன்மையெல்லாம் யாரோட யோசனை? மருமகனுங்களோடதா? டிவிக்காரன் கேமராவைத் தூக்கிட்டு வருவான்னா?

— பெரியண்ணன் சொன்னது. போன வெள்ளிக்கிழமை. வாசல்ல ஸத்தார் நிக்கட்டும்னார்.

— பாத்தியா! சாகும்போதும் தீர்ப்புத்தான்! வேண்டிக் கேக்கலை பாரு, மன்னிப்பு கேக்கலை பாரு. நிக்கட்டும்! எப்படிச் சொல்லியிருப்பான்? இரு, இரு, நான் சொல்றேன். கண்ணாடியைக் கழட்டுவான். கைக்குட்டையால துடைப்பான். அப்புறம்... ஹச்! ஹச்! ஹ்ஹ்ஹச்! "நிக்கட்டும்."

— மூணாவது தும்மல்ல மூக்கு கழண்டு போச்சு, உஸ்தாத்.

— பசை சரியில்லடா. முன்னாடியெல்லாம் நல்ல பசை வரும். ஏன்டீ முறைக்கிறே? சிரிப்பு வரலையா? இதுக்கு நாடே சிரிச்சுது. கேள்விப்பட்டிருப்பியே, "கனம் கோர்ட்டாரின் மூணு தும்மல்". ஒன்பது வருஷம் ஓடின நாடகம். நடுவுல ஒருநாள்கூட சீட்டு காலியா இருந்ததில்ல.

— இப்பத் திரும்பப் போடறப்பத்தான் சீட்டெல்லாம் காலி. முன்வரிசையில நேத்து நாலு பேரு. அதுல ரெண்டு பேர் மின்சாரக்காரங்க.

— வாயை மூடிட்டு மூக்கைப் பிடிடா, மித்வல்லி.

— கேள்விப்பட்டிருக்கேன், சின்னண்ணே. ஒவ்வொரு பெருநாளுக்கும் டிவியில போடறான். ஒவ்வொரு பெருநாளுக்கும் எங்க வீட்டுல டிவியை அணைச்சுடுவோம். ஒரு ஜட்ஜு, மூணு வழக்கு. ஒவ்வொரு வழக்குலயும் தும்மிட்டு, தப்பான ஆளைப் பிடிச்சு உள்ள போடறார். அதானே?

— அதேதான். கதை எழுதினவன் வெறும் "ஜட்ஜ்"னுதான் எழுதியிருந்தான். தும்மல் என்னோடது. கண்ணாடி துடைக்கிறது என்னோடது. "கோர்ட்டுக்குக் கண் இல்லைன்னு நெனைக்காதீங்க"ன்னு இழுக்கிறது என்னோடது. எல்லாம் வீட்டுலேருந்து எடுத்துட்டு வந்த சீதனம். அப்பா சொத்துல எனக்குக் கிடைச்ச ஒரே பங்கு.

— அந்தப் பங்கால அவருக்கு என்ன ஆச்சு தெரியுமா உனக்கு?

— சொல்லு சொல்லு. காது இனிக்கும்.

— நாடகத்தை டிவியில போட்ட அந்த வருஷம், கோர்ட்டுல உக்காந்திருக்கும்போது ஒருநாள் தும்மினார். ஒரே ஒரு தும்மல். வக்கீல், குமாஸ்தா, கூண்டுல நின்ன திருடன், எல்லாரும் சிரிச்சாங்க. திருடன் வயித்தைப் பிடிச்சுக்கிட்டு சிரிச்சானாம். அதுலேருந்து கோர்ட்டுல அவர் தும்மினதே இல்ல. ஜலதோஷம்னா அன்னிக்கு லீவு. பதினாலு வருஷம்! மேலிடத்துல சோம்பேறி ஜட்ஜுன்னு எழுதிட்டான். பெரிய கோர்ட்டுக்குப் போகவேண்டியவர், அஸ்வான்ல ஒரு மூலையில உக்காந்தே ரிட்டயர் ஆனார்.

— அல்ஹம்துலில்லாஹ்! வாழ்க்கையில எனக்குக் கிடைச்ச உருப்படியான விமர்சனம் இதுதான். இதைச் சொல்ல உனக்கு இத்தனை வருஷமா?

— சந்தோஷமா இருக்கா?

— ரொம்ப! நான் ஒருத்தன் உழைச்ச உழைப்பு வீண் போகலையே! மித்வல்லி, அலமாரியைத் திறந்து காட்டுடா. கேடயமா குடுத்திருக்கானுங்க. அலெக்சாந்திரியா விழாக் கேடயம், தமாஸ்கஸ் விழாக் கேடயம், நடிகர் சங்கக் கேடயம். ஒண்ணுக்காவது பிரயோஜனம் உண்டா?

— பெரிசா இருக்கிற ஒண்ணு கதவுக்கு முட்டுக் குடுக்க ஆகுது, உஸ்தாத். மத்ததெல்லாம் பேர் தப்பா இருக்கு. ஒருத்தன் "நஸீம் ஷௌகி"ன்னு போட்டிருக்கான்.

— கேட்டியா? ஆனா ஒரு ஜட்ஜை பதினாலு வருஷம் தும்ம விடாம பண்ணேன்! இதை எந்த விழாவுல குடுப்பான்?

— அண்ணே, உன்னைப் பாத்தா எனக்குப் பாவமா இருக்கு.

— யாரைப் பாத்து? நானா பாவம்? நூத்தி நாப்பது படம்டீ!

— பாத்தேன். எல்லாத்தையும் பாத்தேன். ஒளிஞ்சு ஒளிஞ்சு பாத்தேன். மொதல்ல ஓட்டலுக்கு வர்ற வில்லனோட வக்கீல். அப்புறம் பணக்கார பாஷா. அப்புறம் பொண்ணோட அப்பா. அப்புறம் பொண்ணோட தாத்தா. எதுல நீ நல்லா நடிச்சே? ஒண்ணுலயும் இல்ல. எல்லாத்துலயும் அதே கண்ணாடி, அதே இழுவை. ஒரு அண்ணனை வச்சே அம்பத்தஞ்சு வருஷம் ஓட்டிட்டே.

— ஹாஜியம்மா சொல்றது கொஞ்சம் சரிதான், உஸ்தாத். போன வருஷம் அந்தப் பத்திரிகைக்காரன்கூட...

— நீ பேசாதே! நபீஹா, இப்ப நடிக்கிறதுங்களை நீ பாக்கணும். காதுல ஒரு பொத்தானைச் சொருகிக்கிட்டு வருவான். வசனத்தை ஒருத்தன் அதுல ஓதுவான், இவன் திருப்பிச் சொல்வான். அவனுக்கு முதல் பேர். எனக்கு, கடைசியில, தனியா, "இவர்களுடன் மூத்த கலைஞர்". மூத்த கலைஞர்னா என்ன அர்த்தம் தெரியுமா? சீக்கிரம் சாகப்போறவன். இந்த ரமலான் தொடர்ல அஞ்சாவது நாளே என்னைச் சாகடிச்சுட்டானுங்க. சக்கர நாற்காலி, கழுத்து வரைக்கும் கம்பளி. வசனம் ஒண்ணே ஒண்ணு. "தண்ணி." டைரக்டர் பய வந்து சொல்றான், "உஸ்தாத், 'தண்ணி'யை இன்னும் கொஞ்சம் உணர்ச்சியா". நான் மேடை ஏறும்போது இவன் அப்பன் பொறக்கலை!

— அப்ப இன்னிக்கு மட்டும் எதுக்கு இந்த மூக்கு? யார் வரப்போறா? நாலு பேரா? அதுல ரெண்டு பேர் மின்சாரக்காரங்களா? வேணாம்னு சொல்லு. கேட்டா சாவுன்னு சொல்லு.

— மேடை ஏறினவன் சாவுக்கு நிக்கமாட்டான். அப்பா செத்தப்ப எனக்கு யாரும் சொல்லியனுப்பலை. காலைப் பேப்பரைப் பிரிச்சுத்தான் தெரிஞ்சுக்கிட்டேன். அன்னிக்கும் மேடை ஏறி மூணு தடவை தும்மினேன். ஜனம் விழுந்து விழுந்து சிரிச்சுது.

— இன்னிக்கும் தும்முவியா?

— இன்னிக்குத்தான் நல்லா தும்முவேன்.

— காப்பி, ஹாஜியம்மா. உஸ்தாத், சோம்புத் தண்ணி. ரெண்டு கரண்டிதான் போட்டேன். மணி நாலேகால்.

— கேட்டியா, சின்னண்ணே? நாலேகால். சொல்லு. வர்றியா, இல்லையா?

— வர்றேன்.

— என்ன?

— வர்றேன்னு சொன்னேன். மூக்கைக் கழட்டிடறேன். நாடகத்தை நிறுத்திடறேன். பந்தல் வாசல்ல நாள் பூரா நிக்கிறேன், எவன் கையை நீட்டினாலும் பிடிச்சுக் குலுக்கறேன். பேரையும் போட்டுக்கங்க, ரெண்டு பேரையும். ஒரே ஒரு வரி மட்டும் அறிவிப்புல சேக்கணும்.

— என்ன வரி?

— அந்தத் தந்தி வரி.

— வேணாம், அண்ணே.

— ஏன் வேணாம்? உண்மைதானே? மித்வல்லி, நீ கேட்டதில்லையே இந்தக் கதையை?

— நூறு தடவை கேட்டிருக்கேன், உஸ்தாத். போன ரமலான்ல டிவியிலயே சொன்னீங்க.

— இப்ப இவ முன்னாடி சொல்றேன், கேளு. எனக்கு இருபத்திரண்டு வயசு. சட்டக் கல்லூரியைப் பாதியில விட்டுட்டு ஊர் ஊராப் போற நாடகக் கம்பெனியில சேர்ந்துட்டேன். தான்தா ஊர்ல ஒரு ஓட்டல், காலையில பீன்ஸ் தின்னுக்கிட்டே பேப்பரைப் புரட்டறேன். சாவுப் பக்கத்துல என் பேர்! "கிர்கா அபூ ஸுஹைல் குடும்பத்தின் இளைய மகன் அப்துஸ் ஸத்தார் திடீர் மரணம். பெண்களுக்கும் ஆண்களுக்கும் வீட்டில் துக்கம்." பீன்ஸு தொண்டையில நின்னுடுச்சு. கம்பெனிக்காரனுங்க எனக்கே அனுதாபம் சொன்னானுங்க. ஒருத்தன் செத்தவனுக்குத் தொழுற ஜனாஸா தொழுகைக்கே நின்னுட்டான், வேடிக்கைக்கு. அன்னிக்கு என் பேரைத் தூக்கிப் போட்டுட்டு நஸீம் ஷவ்கத் ஆனேன்.

— நான் அந்த வீட்டுல இருந்தேன், அண்ணே. எனக்குச் சொல்ல வேணாம்.

— நீயும் கறுப்புக் கட்டிக்கிட்டு உக்காந்திருந்தேல்ல? அம்மா, நான் உயிரோட இருக்கேன்னு தெரிஞ்சே, மூணு நாள் மாரடிச்சு அழுதாளாமே! கூத்தாடின்னு என்னைத் துரத்தின குடும்பத்துல அவதான் பெரிய கூத்தாடி.

— அம்மாவைப் பத்திப் பேசாதே.

— சரி, பேசலை. பேப்பர் ஆபீஸுக்குப் போனேன். தந்தித் தாளை எடுத்துக் காட்டினான். அனுப்பியவர்: ஹில்மி அபூ ஸுஹைல். அதே மாசம் அவனுக்கு அரசு வக்கீல் வேலைக்கு ஆணை வந்துச்சு. வேலை குடுக்கிறதுக்கு முன்னாடி குடும்பத்தை விசாரிப்பான்ல? தம்பி என்ன பண்றான்? கூத்தாடறான். கூத்தாடியோட அண்ணனுக்கு வேலை இல்ல, போ. அதான் தம்பியைக் கொன்னுட்டான். கத்தி வேணாம், துப்பாக்கி வேணாம், ஒரு தந்தி! நேர்லயே போய்க் கேட்டேன்டீ. சொஹாக் கோர்ட்டு வராந்தாவுல. நீதான் குடுத்தியான்னேன். "ஆமா, நான்தான்"னான். கண்ணைக்கூடச் சிமிட்டலை. இன்னும் ஏதாவது கேக்கணுமான்னான். காறி அவன் பூட்ஸ்மேல துப்பிட்டு வந்தேன். அதுதான் கடைசி. அதுக்கப்புறம் அவன் முகத்தை நான் கண்ணாடியில மட்டும்தான் பாக்கறேன்.

— தெரியும். துப்பினதையும் சொன்னார்.

— சொன்னானா! வெக்கமில்லாம!

— அந்த பூட்ஸை அப்புறம் அவர் போடவே இல்ல. தூக்கியும் போடலை.

— உருக்கமா இருக்கு. இந்தத் தொடர்ல எழுதறவனுக்குச் சொல்லிவிடு, பத்தாவது நாளுக்கு உதவும். இப்ப வரியைக் கேட்டுக்கோ: "காலஞ்சென்ற நீதிபதி, உயிரோடு இருந்த தன் தம்பி இறந்துவிட்டதாக இதே பத்திரிகைக்குப் பொய்த் தந்தி கொடுத்தவர்." இது வரணும். அஸ்யூத் ஜட்ஜுங்க படிக்கணும். கவர்னர் படிக்கணும். நாளைக்குப் பந்தலுக்கு வர்ற ஒவ்வொருத்தனும் இதைப் படிச்சுட்டு வந்து எனக்குக் கை குடுக்கணும்.

— செத்தவர் மேலயா போடச் சொல்றே? அவர் எழுந்து வந்து பதில் சொல்ல முடியாதே!

— என்னாலயும் அன்னிக்குப் பதில் சொல்ல முடியலை. நானும் செத்தவன்தானே?

— அவர் பொண்ணுங்க படிக்கும். மூணு பொண்ணுங்க. பேரப் புள்ளைங்க படிக்கும்.

— படிக்கட்டும். தாத்தா யாருன்னு தெரியட்டும்.

— சின்னண்ணே, உன் காலைப் பிடிக்கிறேன். வேற எதாவது கேளு. உன் பேரைப் பெரிய எழுத்துல போடச் சொல்றேன். உன் போட்டோவைப் போடச் சொல்றேன்.

— போட்டோவா! சாவுப் பக்கத்துல என் போட்டோ! ஏன், ரெண்டாவது தடவை சாகடிக்கவா? காலை விடுடீ, பூட்ஸ் சாயம் உன் துணியில ஒட்டும். வரி வந்தா நான் வர்றேன். வரலைன்னா ஆறரைக்குத் திரை தூக்கறாங்க. முடிவு உன்னுது.

— உஸ்தாத், மேனேஜர் கதவுல நிக்கிறார். எத்தனை பேருக்கு சீட்டு வித்திருக்குன்னு சொல்ல வந்தாராம்.

— வேணாம்னு சொல்லு. சாவு வீட்டுல கெட்ட செய்தி ஒண்ணு போதும்.

— அண்ணே.

— என்ன?

— உனக்கு உண்மைதான் வேணுமா? இல்ல, பெரியண்ணனைக் கேவலப்படுத்தினா போதுமா?

— ரெண்டும் ஒண்ணுதான்டீ.

— ஒண்ணு இல்ல. நல்லா யோசிச்சுச் சொல்லு. அந்தத் தந்தியைப் பத்தி எது உண்மையோ அது பேப்பர்ல வரணும். அதானே கேக்கிறே?

— அதேதான்.

— வந்துட்டா, நீ பேச்சு மாத்தக் கூடாது. பந்தல் வாசல்ல நிக்கணும். யார் மூஞ்சியையும் பாத்துத் திரும்பிப் போகக் கூடாது.

— மாத்தமாட்டேன். தலாக் மேல சத்தியம்!

— உனக்கு ஏது பொண்டாட்டி? மூணு பேரும் ஓடிட்டாங்க.

— அதுவும் சரிதான். தலாக் சொல்ல ஆள் மிச்சமில்ல.

— அம்மா கபர் மேல சத்தியம் பண்ணு.

— ஏன்டீ, இவ்வளவு பயமா? சரி. அம்மா கபர் மேல சத்தியம். போதுமா? முகத்தைப் பாருடா, மித்வல்லி, எப்படி வெளுத்துப்போச்சு! இதுதான் அபூ ஸுஹைல் குடும்பம். ஒரு உண்மை வரியைச் சொல்லச் சொன்னா உயிர் போயிடும்.

— காப்பியைக் குடிங்க, ஹாஜியம்மா. ஆறிப்போச்சுன்னா வேற போடறேன்.

— வேணாம்பா. போனை எடு. நம்பர் இந்தத் தாள்ல இருக்கு. மரண அறிவிப்புப் பகுதின்னு கேளு.

— ஸ்பீக்கர்ல போடுடா! எல்லாரும் கேக்கணும்.

— என் போன்ல ஸ்பீக்கர் கெட்டுப்போச்சு, உஸ்தாத்... ஹலோ? ஆமாங்க, மரண அறிவிப்பு. குடும்பத்துலேருந்து ஒரு அம்மா பேசறாங்க. ஹாஜியம்மா, இந்தாங்க, அந்தப் பக்கம் ஒரு தம்பி எழுதிக்கிறார்.

— அஸ்ஸலாமு அலைக்கும்பா. எழுதிக்கோ. ஓய்வு பெற்ற நீதிபதி ஹில்மி அபூ ஸுஹைல், கிர்கா. ஆமா, ஸுஹைலுக்குப் பெரிய ஸாத் எழுத்து இல்ல, சின்ன ஸீன் எழுத்து. ஊர்ல துக்கம், நாளைக்குக் கடைசி நாள். பிரபல கலைஞர் நஸீம் ஷவ்கத் என்கிற அப்துஸ் ஸத்தாரோட அண்ணன்... ஆமாப்பா, அவரேதான். தும்மறவர்தான். சிரிக்காதே, எழுது.

— பாத்தியாடா, மித்வல்லி, போன்லயே சிரிக்கிறான்! இதுதான் பேர்!

— காலஞ்சென்ற பொறியாளர் ரிஃப்அத்தோட மச்சினர்... ஆமாப்பா, ரிஃப்அத் என் வீட்டுக்காரர்... மருமகப் பிள்ளைங்க பேரைக் கடைசியில தர்றேன். இப்ப ஒரு வரி சொல்றேன், அதை அப்படியே போடணும். அறிவிப்புல இதெல்லாம் போடறதில்லைன்னு சொல்லாதேப்பா, நான் கிர்காவுலேருந்து வந்திருக்கேன்.

— வரட்டும், வரட்டும். நிறுத்தாதே.

— எழுதிக்கோ. "அம்பத்தஞ்சு வருஷத்துக்கு முன்னாடி, தம்பி அப்துஸ் ஸத்தார் செத்துட்டதா இதே பத்திரிகையில வந்த செய்தி பொய்."

— ஆகா! மேல!

— "அந்தப் பொய்த் தந்தியைக் குடுத்தது..." எழுதிட்டியா? இரு, பேர் சொல்றேன்.

— ஹில்மி! சொல்லேன்டீ, நாக்கு எழலையா? நான் சொல்லட்டுமா?

— பேசாம இரு, அண்ணே, சத்தியம் பண்ணியிருக்கே. எழுதிக்கோப்பா: தந்தியைக் குடுத்தது நீதிபதி இல்ல. கூத்தாடியோட தங்கச்சி எங்களுக்கு வேணாம்னு பொறியாளர் வீட்டுல சொல்லிடுவாங்கன்னு பயந்து, தாள்ல பெரியண்ணன் பேரை எழுதித் தந்தி குடுத்தது பதினேழு வயசுத் தங்கச்சி நபீஹா, இப்பப் பேசறேனே, நான்தான், பேப்பரைப் பாத்துத்தான் பெரியண்ணனுக்கே தெரியும், அன்னிக்கு அவர் சொன்னதையும் சேத்துப் போடு: "யார் வந்து கேட்டாலும் நான்தான் குடுத்தேன்னு சொல்லிக்கிறேன், நீ போய்க் கல்யாணம் பண்ணிக்கோ."